வீவக வீட்டுக்கு மெஷ் வைஃபை: வாங்கும் முன்னும் மாட்டிய பின்னும் எழும் கேள்விகள்

சிங்கப்பூரில் சொந்தக்காரர், நண்பர் வீடுகளில் வைஃபை பிரச்சினை என்று கூப்பிடும்போது திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள் இவை. மெஷ் என்பது வீட்டில் அங்கங்கே வைக்கும் பல ரௌட்டர் பெட்டிகள் (யூனிட்டுகள்) சேர்ந்து ஒரே வைஃபையாக இயங்கும் அமைப்பு. பதில்கள் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. கொண்டோவுக்கும் பெரும்பாலும் பொருந்தும்.

படுக்கையறையில் வைஃபை வருவதே இல்லை. மெஷ் வாங்கிவிடலாமா?

கொஞ்சம் பொறுங்கள். இப்போதைய ரௌட்டர் எங்கே இருக்கிறது என்று முதலில் பாருங்கள். பல வீடுகளில் அது டிவி கேபினட்டுக்குள், கதவு சாத்தி, செட்டாப் பெட்டிக்குப் பின்னால் கிடக்கும். ஃபைபர் முனை அந்தப் பக்கம் இருந்ததால் நிறுவ வந்தவர் அங்கேயே வைத்துவிட்டுப் போயிருப்பார். ஃபைபர் வந்து சேரும் ஓஎன்டி பெட்டி அங்கேயே இருக்கட்டும். ரௌட்டரை மட்டும் நீளமான லேன் கம்பி போட்டு வெளியே எடுத்து, திறந்த இடத்தில், நெஞ்சு உயரத்தில் வைத்துப் பாருங்கள். மூவறை வீடு ஏறக்குறைய 65 சதுர மீட்டர்தான். அதற்கு நல்ல ரௌட்டர் ஒன்று சரியான இடத்தில் இருந்தால் போதும்.

அப்புறம் இன்னொரு சோதனை. மடிக்கணினியை ரௌட்டரில் கம்பி வழியாக இணைத்து வேகம் பாருங்கள். கம்பியிலேயே மெதுவாக இருந்தால் கோளாறு வைஃபையில் இல்லை, சேவையில் இருக்கிறது. எத்தனை மெஷ் யூனிட் வாங்கினாலும் அது தீராது. கம்பியில் வேகம் சரி, ரௌட்டர் இருக்கும் அறையிலும் சரி, தூர அறையில் மட்டும் சரிகிறது என்றால் மெஷ் பற்றி யோசிக்கலாம்.

மெஷ்ஷும் எக்ஸ்டெண்டரும் ஒன்றுதானே?

அடிப்படை வேலை ஒன்றுதான்: வரும் சிக்னலை வாங்கி இன்னும் கொஞ்ச தூரம் அனுப்புவது. மெஷ்ஷில் எல்லா யூனிட்டுகளும் ஒரே குடும்பமாக இயங்கும். ஒரே பெயர், ஒரே கடவுச்சொல், ஒரே செயலியில் நிர்வாகம். நீங்கள் அறை மாறும்போது கைப்பேசியை அடுத்த யூனிட்டுக்குக் கைமாற்றிவிடவும் முயலும். மலிவான எக்ஸ்டெண்டரில் இந்த ஒருங்கிணைப்பு இருக்காது.

எத்தனை யூனிட் வாங்க வேண்டும்?

கடைக்காரர் சொல்வதைவிட ஒன்று குறைவாக. மூன்று யூனிட் பெட்டி விலையில் கவர்ச்சியாகத்தான் இருக்கும். ஆனால் சுமார் 90 சதுர மீட்டர் நான்கறை வீட்டுக்கு இரண்டு தாராளம், பல நேரம் ஒன்றே போதும். 110 சதுர மீட்டர் ஐந்தறை வீட்டுக்கு இரண்டு. இரண்டு மாடி மேசனெட் என்றால் மாடிக்கு ஒன்று. தரைவீட்டுக்கும் அதே கணக்குதான், ஆனால் அங்கே மாடிகளுக்கு நடுவே கம்பி இல்லாமல் இறங்காதீர்கள்.

யூனிட் கூடினால் நல்லதுதானே என்று தோன்றும். சின்ன வீட்டில் நெருக்கி வைத்தால் அவை ஒன்றின் மேல் ஒன்று இரைச்சலாகும், கைப்பேசியும் எதைப் பிடிப்பது என்று தடுமாறும். இதற்கு மேல் புளோக்கில் சுற்றியுள்ள வீடுகளின் வைஃபை வேறு. வைஃபை பயன்படுத்தும் அலைவரிசைகளில் (பேண்ட்) ஒன்றான 2.4 கிகாஹெர்ட்ஸில் ஒன்றோடொன்று மோதாத சேனல்கள் மூன்றுதான்: 1, 6, 11. அந்த மூன்றைத்தான் உங்கள் மாடியும் மேல்மாடியும் கீழ்மாடியும் பங்கு போட்டுக்கொள்கின்றன.

பாம் ஷெல்டர்தான் எல்லாவற்றுக்கும் காரணம் என்கிறார்களே?

பெரும்பாலும் உண்மை. 1990களின் பிற்பகுதியிலிருந்து கட்டப்பட்ட வீவக வீடுகளில் வீட்டுக்குள்ளேயே பாதுகாப்பு அறை இருக்கிறது. நாம் அதை ஸ்டோர்ரூமாக்கி அரிசி மூட்டையும் பயணப்பெட்டியும் அடுக்கி வைத்திருக்கிறோம். அது தடித்த கான்கிரீட், உள்ளே நெருக்கமான இரும்புக் கம்பிகள், எஃகுக் கதவு. வைஃபைக்கு அதைவிட மோசமான தடுப்பை வேண்டுமென்றே கட்டினாலும் கட்ட முடியாது. பல வீடுகளில் அந்த அறை கூடத்துக்கும் சமையலறைக்கும் நடுவே உட்கார்ந்திருப்பதால் அதன் பின்னால் ஒரு நிழல் விழும். அந்த நிழலில்தான் உங்கள் சமையலறையோ பின்னறையோ இருக்கும்.

ஆகவே யூனிட்டுகளை வைக்கும்போது ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் நடுவே மனத்தில் ஒரு நேர்க்கோடு போடுங்கள். அந்தக் கோடு பாதுகாப்பு அறையைத் தொடாமல் போனால் பாதி வேலை முடிந்தது. மற்ற உள்சுவர்கள் அவ்வளவு மோசமில்லை. புதிய வீடுகளில் உள்ள மெல்லிய தடுப்புச் சுவர்களைச் சிக்னல் எளிதாகத் தாண்டும், தூண்களும் கட்டமைப்புச் சுவர்களும்தான் தொல்லை.

ரௌட்டரை அந்த அறைக்குள் வைக்கவே வேண்டாம். சில வீடுகளில் ஃபைபர் முனையே அங்கே இருக்கும். அப்போது ஓஎன்டி உள்ளே இருக்கட்டும், கம்பியைக் கதவு வழியாக வெளியே கொண்டுவந்து ரௌட்டரை வெளியில் வையுங்கள். கம்பிக்காகச் சுவரில் குறுக்கே துளை போடக் கூடாது, எஃகுக் கதவையும் கழற்றக் கூடாது. இரண்டுமே விதிமீறல்.

இரண்டாவது யூனிட்டை எங்கே வைப்பது? சிக்னல் இல்லாத அறையில்தானே?

இல்லை. கம்பியில்லாமல் இணைப்பதாக இருந்தால், சிக்னல் இல்லாத அறையில் வைக்கும் யூனிட்டுக்கும் சிக்னல் இருக்காது. முதல் யூனிட்டுக்கும் அந்த அறைக்கும் நடுவே, சிக்னல் இன்னும் வலுவாக இருக்கும் இடத்தில் வைக்க வேண்டும். ஆண்ட்ராய்டில் வைஃபை அளவிடும் இலவசச் செயலிகள் உண்டு. அந்த இடத்தில் 5 கிகாஹெர்ட்ஸ் சிக்னல் மைனஸ் 65 டிபிஎம்மை ஒட்டியோ அதைவிட நன்றாகவோ காட்டினால் சரி (மைனஸ் 55 என்றால் இன்னும் நல்லது, மைனஸ் 75 என்றால் வேண்டாம்). பெரும்பாலான வீடுகளில் அந்த இடம் அறைகளுக்குப் போகும் நடைபாதையாகத்தான் இருக்கும்.

ஃபிரிட்ஜ், கண்ணாடி பதித்த துணி அலமாரி, மீன் தொட்டி, கழிப்பறை ஆகியவற்றின் பின்னால் வைக்காதீர்கள். உலோகமும் தண்ணீரும் சிக்னலைத் தின்னும். சாமி அலமாரியின் மேல்தட்டு உயரமாக, திறந்ததாக இருக்கிறது என்று சிலர் அங்கே வைப்பார்கள். சிக்னலுக்குக் கெடுதல் இல்லை, ஆனால் விளக்குப் புகையும் எண்ணெய்ப் பிசுக்கும் காற்றுத் துளைகளை அடைத்துவிடும்.

எந்த பிராண்ட் நல்லது?

டிபி-லிங்க் டெக்கோ, ஆசஸ் ஜென்வைஃபை, நெட்கியர் ஆர்பி, கூகல் நெஸ்ட் எல்லாமே வேலை செய்யும். எதையும் செயலியில் தட்டி முடித்துவிட்டு மறந்துவிட வேண்டும் என்றால் டெக்கோ போன்றவை. உள்ளே புகுந்து சேனல், விலான் (நெட்வொர்க்கைத் தனித்தனியாகப் பிரிக்கும் வசதி) என்று மாற்றிப் பார்க்கும் பழக்கம் இருந்தால் ஆசஸ். ஆசஸ் ரௌட்டர் ஏற்கெனவே வீட்டில் இருந்தால் ஏஐமெஷ் வழியாக அதையே இரண்டாவது யூனிட்டாக்க முடியுமா என்று பாருங்கள், பல மாடல்களில் முடியும். வேறு வேறு பிராண்டுகளைக் கலந்து ஒரே மெஷ்ஷாக்க நினைக்காதீர்கள்.

என்னைக் கேட்டால் பிராண்டை யோசிக்கும் நேரத்தில் பாதியை அடுத்த கேள்விக்குச் செலவழிக்கலாம்.

யூனிட்டுகளை லேன் கம்பியால் இணைத்தால் அப்படி என்ன பெரிய வித்தியாசம்?

வித்தியாசம் முழுவதும் அங்கேதான். 200 வெள்ளி மெஷ் கம்பியோடு இருந்தால், 600 வெள்ளி மெஷ் கம்பியில்லாமல் இருப்பதைப் பல வீடுகளில் தோற்கடித்துவிடும்.

யூனிட்டுகள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் பாதையை பேக்ஹால் என்பார்கள். சாதாரண இரட்டை பேண்ட் மெஷ்ஷில் இரண்டாவது யூனிட் முதல் யூனிட்டிடம் வாங்குவதும் உங்கள் கைப்பேசிக்குக் கொடுப்பதும் ஒரே 5 கிகாஹெர்ட்ஸ் பேண்டில் நடக்கும். கிணற்றிலிருந்து குடம் கைமாற்றும் வரிசையில் நிற்பவரைப் போல, வாங்கும் நேரத்தில் கொடுக்க முடியாது. வேகம் ஏறக்குறைய பாதியாகும். மூன்றாவது யூனிட் இரண்டாவதிடமிருந்து வாங்கினால் மறுபடியும் பாதி. கம்பி போட்டுவிட்டால் பேண்ட் முழுவதும் உங்கள் சாதனங்களுக்கே, யூனிட்டையும் சிக்னல் தேவைப்படும் அறைக்குள்ளேயே வைத்துவிடலாம்.

புதிய பிடிஓ வீட்டில் (வீவக முன்பதிவின் பேரில் கட்டித் தரும் வீடு) இருப்பவர்களுக்கு நல்ல செய்தி: கூடத்திலும் படுக்கையறைகளிலும் பெரும்பாலும் லேன் பாயிண்ட் சுவரிலேயே இருக்கும். அந்தக் கம்பிகள் எல்லாம் ஃபைபர் முனைக்கு அருகே ஓரிடத்தில் வந்து கூடும். பல வீடுகளில் அந்த இடத்தைத் திறந்தே பார்த்திருக்க மாட்டார்கள். அங்கே எந்தக் கம்பி எந்த அறைக்கு என்று சீட்டு ஒட்டியிருக்கும். இல்லாவிட்டால் ஒவ்வொன்றாக மடிக்கணினியில் மாட்டிக் கண்டுபிடிக்க வேண்டியதுதான்.

இங்கே ஒரு சிக்கல் அடிக்கடி வரும். ஓஎன்டியிலிருந்து வரும் கம்பி முதலில் முதன்மை யூனிட்டுக்குத்தான் போக வேண்டும். அதன் பிறகுதான் நெட்வொர்க் ஸ்விட்ச் (ஒரு லேன் கம்பியைப் பல முனைகளாகப் பிரிக்கும் பெட்டி), அதன் பிறகு மற்ற அறைகள். ஓஎன்டியை நேராக ஸ்விட்ச்சில் மாட்டி, எல்லா யூனிட்டையும் அதே ஸ்விட்ச்சில் மாட்டினால் ஒன்று வேலை செய்யும், மற்றவை தடுமாறும். அப்படியானால் முதன்மை யூனிட் அந்தக் கம்பிக் கூட்டுக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும். அது கூடத்தில்தான் வேண்டும் என்றால் கூடத்துக்கு இரண்டு கம்பிகள் தேவை: போக ஒன்று, திரும்பி வர ஒன்று. ஒரு பாயிண்ட் மட்டும் இருந்தால் முதன்மை யூனிட்டைக் கம்பிக் கூட்டிடமும், இரண்டாவதைக் கூடத்திலும் வையுங்கள்.

பழைய வீடுகளில் பாயிண்ட் இருக்காது. மறுசீரமைப்புச் செய்யப் போகிறீர்கள் என்றால் டைல்ஸ் நிறம் முடிவாகும் முன்பே கேட் 6 ரக லேன் கம்பியைப் பேசி முடித்துவிடுங்கள். குடியேறிய பிறகு என்றால் சுவரோரமாக டிரங்கிங் (கம்பியை மூடும் பிளாஸ்டிக் உறை) போட்டு இழுக்கலாம், அல்லது தட்டையான லேன் கம்பியைச் சுவரடிப் பட்டை ஓரமாக ஒட்டிக்கொண்டு போகலாம். அழகாக இருக்காது. ஆனால் வேலை செய்யும். கேட் 7, கேட் 8 என்று விலை ஏற்றி விற்பதை விட்டுவிடுங்கள், வீவக வீட்டின் நீளத்துக்கு கேட் 6 போதும். பழைய கேட் 5இ கம்பி ஏற்கெனவே இருந்தால் அதிலேயே 2.5 கிகாபிட் ஓடும்.

கம்பி இழுக்க வழியே இல்லை. வாடகை வீடு.

மூன்று வழிகள். முதலாவது, மூன்று பேண்ட் உள்ள மெஷ். அதில் ஒரு பேண்டைப் பேக்ஹாலுக்கென்றே ஒதுக்கும், விலை கூடுதல். இரண்டாவது, பழைய கேபிள் டிவிக் கம்பி. ஸ்டார்ஹப் கேபிள் சேவை 2019இல் ஃபைபருக்கு மாறிய பிறகு பல வீடுகளில் அந்தக் கம்பி சும்மா கிடக்கிறது. கூடத்திலும் அறையிலும் அந்த முனை இருந்து, இரண்டும் ஒன்றோடொன்று இணைந்திருந்தால், மோக்கா அடாப்டர் ஒரு ஜோடி போட்டு அதையே லேன் கம்பி போலப் பயன்படுத்தலாம். 2.5 கிகாபிட் வரை தரும் ரகங்கள் உண்டு. ஆனால் இங்கே கடைகளில் எளிதில் கிடைக்காது, இணையத்தில்தான் தேட வேண்டும். மூன்றாவது, மின்கம்பி வழியே அனுப்பும் பவர்லைன் அடாப்டர். அதை நேராகச் சுவர் பிளக்கில்தான் மாட்ட வேண்டும், எக்ஸ்டென்ஷன் பலகையில் மாட்டினால் வேகம் விழும். நான் அதைக் கடைசித் தேர்வாகத்தான் சொல்வேன்.

வைஃபை 6 போதுமா, 6இ, 7 என்று போக வேண்டுமா?

6, 6இ, 7 என்பவை வைஃபையின் தலைமுறைகள். வைஃபை 6 பெட்டியில் ஏஎக்ஸ்3000 என்று போட்டிருந்தால் அது 2.4 கிகாஹெர்ட்ஸின் 574 மெகாபிட்டையும் 5 கிகாஹெர்ட்ஸின் 2402ஐயும் கூட்டி வந்த எண். பெரும்பாலான கைப்பேசிகள் ஒரு நேரத்தில் ஒரு பேண்டைத்தான் பிடிக்கும், அதுவும் காகித வேகத்தில் பாதி, முக்கால்வாசிதான் கையில் கிடைக்கும். 1 கிகாபிட் திட்டத்துக்கு வைஃபை 6 போதும்.

6இ-யும் 7-உம் 6 கிகாஹெர்ட்ஸ் பேண்டைப் பயன்படுத்துகின்றன (7இன் சில மலிவு மாடல்களில் அது இருக்காது, பெட்டியைத் திருப்பிப் பாருங்கள்). சிங்கப்பூரில் தகவல்தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையம் 2023இல் 5925 முதல் 6425 மெகாஹெர்ட்ஸ் வரை 500 மெகாஹெர்ட்ஸைத் திறந்துவிட்டது. அமெரிக்காவில் 1200 திறந்திருக்கிறார்கள். வைஃபை 7 விளம்பரங்களில் பெரிதாகச் சொல்லும் 320 மெகாஹெர்ட்ஸ் சேனல் நமக்குக் கிடைக்கும் இடத்தில் ஒன்றுதான் அடங்கும். பக்கத்து வீட்டிலும் வைஃபை 7 வந்தால் அதே ஒன்றைப் பகிர வேண்டும். இருந்தாலும் இன்றைக்கு அந்தப் பேண்ட் வெறிச்சோடித்தான் கிடக்கிறது, நெரிசலான புளோக்கில் அது பெரிய ஆறுதல். சுவரைத் தாண்டுவதில் மட்டும் 5ஐவிட இன்னும் பலவீனம்.

சேவை நிறுவனம் 10 கிகாபிட் திட்டத்துக்கு மாறச் சொல்கிறது. மாறலாமா?

நாட்டின் ஃபைபர் கட்டமைப்பை 10 கிகாபிட்டுக்கு உயர்த்த அரசாங்கம் 100 மில்லியன் வெள்ளி வரை ஒதுக்கி, 2024 நடுவிலிருந்து 2026 வரையான திட்டமாக அறிவித்தது. அதனால்தான் இந்த அழைப்புகள். விலை வித்தியாசம் சில வெள்ளிதான் என்றால் மாறுவதில் தவறில்லை. ஆனால் உங்கள் மெஷ் யூனிட்டின் முனை 1 கிகாபிட் என்றால் அதற்குமேல் ஒரு துளியும் உள்ளே வராது. 2.5 முனையில் 2.5 வரைதான். கைப்பேசியில் நாடகம் பார்க்க, பள்ளிக் கணக்கில் நுழைய, வீட்டிலிருந்து வேலை செய்ய 1 கிகாபிட்டே மிச்சம். மூலையறையில் சிக்னல் இல்லாததற்கு 10 கிகாபிட் மருந்தல்ல.

ஊரிலிருந்தோ அமெரிக்காவிலிருந்தோ மலிவாக வாங்கி வரலாமா?

வேண்டாம். பிளக் மாறும் என்பது சின்ன விஷயம். எந்தச் சேனல், எவ்வளவு சக்தி என்பது நாட்டுக்கு நாடு வேறு, வெளிநாட்டு மாடலில் அதை மாற்றும் வசதி பெரும்பாலும் பூட்டப்பட்டிருக்கும். இங்கே விற்கப்படும் வைஃபை ரௌட்டர்கள் ஆணையத்திடம் பதிவானவையாக இருக்க வேண்டும். இணையப் பாதுகாப்பு முத்திரைத் திட்டத்தில் முதல் நிலையையாவது எட்டியிருக்கவும் வேண்டும். அந்தத் திட்டம் 2020இல் வந்தது, நான்கு நிலைகள் கொண்டது. முதல் நிலைக்கே எல்லாப் பெட்டிக்கும் ஒரே கடவுச்சொல் வைக்கக் கூடாது, மென்பொருள் புதுப்பிப்பு தர வேண்டும் என்ற நிபந்தனைகள் உண்டு. சேலஞ்சரிலோ சிம் லிம்மிலோ வாங்கினால் உத்தரவாதத்துக்கும் அங்கேயே போய் நிற்கலாம்.

பெட்டி வந்துவிட்டது. எந்த வரிசையில் மாட்டுவது?

முதலில் முதன்மை யூனிட்டை மட்டும் மாட்டி இணையம் வரவைத்துவிடுங்கள். இரண்டாவது யூனிட்டை அதே அறையில், பக்கத்தில் வைத்துச் சேர்த்து, மென்பொருளைப் புதுப்பித்த பிறகு அதன் இடத்துக்குக் கொண்டுபோங்கள். பேக்ஹால் கம்பியைச் சேர்த்து முடித்தபின் மாட்டலாம்.

ரௌட்டரை மாற்றியதும் இணையம் வரவில்லை என்றால் பதற வேண்டாம். ஓஎன்டி பழைய ரௌட்டரின் முகவரியை நினைவில் வைத்திருக்கக்கூடும். அதன் மின்சாரத்தை நிறுத்திச் சில நிமிடம் விட்டு மறுபடி போடுங்கள், பெரும்பாலும் வந்துவிடும்.

சில நிறுவனங்கள் ஓஎன்டியும் ரௌட்டரும் ஒன்றான ஓஎன்ஆர் பெட்டியைத் தருகின்றன. அதன் பின்னால் மெஷ்ஷை அப்படியே மாட்டினால் வீட்டில் இரண்டு ரௌட்டர்கள் ஒன்றன்பின் ஒன்றாக நிற்கும். இணையம் வரும், ஆனால் விளையாட்டு, வீட்டுக் கேமரா, அலுவலக விபிஎன் சில நேரம் முரண்டு பிடிக்கும். ஓஎன்ஆரை பிரிட்ஜ் முறைக்கு (ரௌட்டர் வேலையை விட்டுவிட்டு இணைப்பை மட்டும் கடத்தும் முறை) மாற்றச் சொல்லி நிறுவனத்தைக் கேளுங்கள், அல்லது மெஷ்ஷை ஆக்சஸ் பாயிண்ட் முறையில் (வைஃபை மட்டும் தரும் முறை) போடுங்கள். ஓஎன்ஆரின் சொந்த வைஃபையை அணைக்க மறக்காதீர்கள். அதே நிறுவனத்தின் டிவி சேவையும் இருந்தால், பிரிட்ஜ் முறைக்கு மாற்றும் முன் டிவிப் பெட்டியை எந்த முனையில் மாட்டுவது என்று அவர்களிடமே கேட்டுவிடுவது நல்லது.

எல்லாச் சாதனத்திலும் புதிய கடவுச்சொல் போட வேண்டுமா?

தேவையில்லை. பழைய பெயரையும் கடவுச்சொல்லையும் எழுத்து மாறாமல் மெஷ்ஷுக்கும் கொடுங்கள், பெரும்பாலானவை தாமாகவே சேர்ந்துகொள்ளும்.

ஸ்மார்ட் விளக்கும் துடைக்கும் ரோபோவும் சேர மறுக்கின்றன.

அவற்றில் பல 2.4 கிகாஹெர்ட்ஸ் மட்டுமே அறிந்தவை, டபிள்யூபிஏ3 பாதுகாப்பும் சிலவற்றுக்குப் புரியாது. மெஷ் செயலியில் ஐஓடி (ஸ்மார்ட் சாதனங்களுக்கான) நெட்வொர்க் என்று தனியாக இருந்தால் அதை 2.4 மட்டும், டபிள்யூபிஏ2 என்று அமைத்து இவற்றையெல்லாம் அங்கே தள்ளிவிடுங்கள்.

கைப்பேசி தூரத்து யூனிட்டையே பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்கிறது.

எந்த யூனிட்டைப் பிடிப்பது என்பது கடைசியில் கைப்பேசியின் முடிவு. மெஷ் 802.11கே, வி என்ற முறைகளில் யோசனை மட்டும்தான் சொல்லும். யூனிட்டுகளின் சக்தி அதிகமாக இருந்தால் தூரத்திலிருந்தும் சிக்னல் நன்றாகத் தெரியும், கைப்பேசிக்கு மாறக் காரணமே இருக்காது. சக்தியை மிதமான அளவுக்குக் குறைத்துப் பாருங்கள், அல்லது யூனிட்டுகளை இன்னும் விலக்கி வையுங்கள்.

5 கிகாஹெர்ட்ஸ் திடீரென ஒரு நிமிடம் காணாமல் போய்த் திரும்பி வருகிறது.

சேனல் அகலத்தை 160 மெகாஹெர்ட்ஸில் வைத்திருக்கிறீர்களா? அந்த அகலத்துக்கு ரேடாருடன் பகிரும் சேனல்களைத் தொடாமல் வழியில்லை. ரேடார் போலக் கேட்டால் ரௌட்டர் உடனே விலக வேண்டும், அதே வகையில் வேறு சேனல் தேடினால் குறைந்தது ஒரு நிமிடம் காது கொடுத்துக் கேட்ட பிறகே பேசலாம். அகலத்தை 80க்குக் குறைத்து 36 அல்லது 149 சேனலில் வையுங்கள். வேக எண் குறையும், துண்டிப்பு நிற்கும்.

ஓர் அறையை வாடகைக்கு விட்டிருக்கிறோம். அவர்களுக்கும் இதே வைஃபையா?

விருந்தினர் நெட்வொர்க்கைக் கொடுங்கள். இணையம் கிடைக்கும், உங்கள் கேமராவும் பிரிண்டரும் அவர்கள் கண்ணில் படாது. அவர்கள் வெளியேறிய அன்றே அந்தக் கடவுச்சொல்லை மட்டும் மாற்றினால் போதும்.

மின்சாரக் கட்டணம் ஏறுமா?

மெஷ் யூனிட் ஒன்று 10 வாட் என்று வைத்தால் மாதம் 7 கிலோவாட்-மணி மின்சாரம் சொச்சம். ஒரு கிலோவாட்-மணி 30 காசு கணக்கில் இரண்டு வெள்ளிக்குக் கொஞ்சம் மேல்.

எல்லாம் சரியாகிவிட்டது, ஆனால் ஊருக்கு வாட்ஸ்அப் வீடியோ மட்டும் உறைந்து உறைந்து நிற்கிறது.

அநேகமாகக் கோளாறு அந்தப் பக்கம். சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் நடுவே கடலடிக் கேபிள்கள் நேராகவே போகின்றன, நல்ல பாதை அமைந்தால் தகவல் போய்வர 40 மில்லி விநாடி அளவுதான் ஆகும். உறைந்த உடனே அவர்களை வைஃபையை அணைத்து மொபைல் டேட்டாவில் பேசச் சொல்லிப் பாருங்கள். சரியானால் இங்கே ஒன்றும் வாங்க வேண்டியதில்லை.

பழைய ரௌட்டரை என்ன செய்வது?

அழித்துத் தொடக்க நிலைக்குக் கொண்டுவந்துவிட்டு, கடைத்தொகுதிகளில் இருக்கும் மின்கழிவுத் தொட்டியில் போடலாம், அல்லது யாருக்காவது கொடுக்கலாம். ஓஎன்டியையும் ஓஎன்ஆரையும் மட்டும் தூக்கிப் போடாதீர்கள். அவை பெரும்பாலும் சேவை நிறுவனத்தின் சொத்து, ஒப்பந்தம் முடியும்போது அடாப்டரோடு திருப்பிக் கேட்பார்கள்.